ஆண்ட்ரூ ஜெனிங்ஸ்

ஆண்ட்ரூ ஜெனிங்ஸ் (செப்டம்பர் 3, 1943 – ஜனவரி 8, 2022) பிரித்தானியாவைச் சேர்ந்த ஒரு புலனாய்வு இதழாளர் ஆவார். பன்னாட்டு ஒலிம்பிக் குழு, பன்னாட்டுக் காற்பந்துச் சங்கங்களின் கூட்டமைப்பு (ஃபிஃபா) ஆகிய இரண்டு பெரும் விளையாட்டு அமைப்புகளில் நிலவிய ஊழலை ஏறத்தாழ 25 ஆண்டுகள் தொடர்ந்து ஆராய்ந்து நூல்களாகவும் தொலைக்காட்சி ஆவணப்படங்களாகவும் வெளியிட்டவர். தம் தொழில் வாழ்க்கையின் பெரும்பகுதியில் இவர் தன்னுரிமை இதழாளராகவே பணியாற்றினார். அதாவது, எந்த ஒரு செய்தி நிறுவனத்தின் நிரந்தர ஊழியராகவும் இல்லாமல், தாம் திரட்டிய செய்திகளைப் பல இதழ்களுக்கும் தொலைக்காட்சி நிறுவனங்களுக்கும் தனித்தனியே வழங்கிவந்தார். 2015 மே மாதம் ஃபிஃபா அலுவலர்கள் சூரிக் நகரில் கைது செய்யப்பட்ட நிகழ்வுக்கு முன்னோடியாக அமைந்த பணிகளுள் இவருடைய பணி முக்கியமானதாகக் கருதப்படுகிறது.

வாழ்க்கைச் சுருக்கம்

ஜெனிங்ஸ் ஸ்காட்லாந்தின் கிர்க்கால்டி என்னும் ஊரில் பிறந்தார். சிறு வயதிலேயே இவருடைய குடும்பம் லண்டனுக்குக் குடிபெயர்ந்தது. இவருடைய பாட்டனார் கிளாப்டன் ஓரியண்ட் என்ற லண்டன் காற்பந்துக் கழகத்துக்காக விளையாடியவர். ஹல் பல்கலைக்கழகத்தில் பயின்ற ஜெனிங்ஸ், பின்னர் சண்டே டைம்ஸ் ஞாயிறு இதழில் பணியாற்றினார். அதன்பின் பிபிசி வானொலியிலும் தொலைக்காட்சியிலும் புலனாய்வு நிகழ்ச்சிகளைத் தயாரித்தார். பிற்காலத்தில் வட இங்கிலாந்தின் கம்பிரியா பகுதியில் ஒரு பண்ணை வீட்டில் வாழ்ந்துவந்தார்.

இவர் விளையாட்டுச் செய்தியாளராகத் தொழிலைத் தொடங்கியவர் அல்லர் என்பது குறிப்பிடத்தக்கது. காவல்துறை ஊழல், போதைப்பொருள் கடத்தல், திட்டமிட்ட குற்றக் கும்பல்கள் ஆகியவையே இவருடைய தொடக்ககால ஆய்வுப் பொருள்கள். விளையாட்டு அமைப்புகளை ஆராயத் தொடங்கியபோதும் போட்டி முடிவுகளிலோ வீரர்களிலோ இவர் கவனம் செலுத்தவில்லை. பணம் எங்கிருந்து வருகிறது, யாருடைய கைக்குப் போகிறது என்ற வினாக்களையே முதன்மையாக எழுப்பினார்.

பிபிசியிலிருந்து விலகல்

லண்டன் மாநகரக் காவல்துறையான ஸ்காட்லாந்து யார்டில் நிலவிய ஊழலைப் பற்றி ஜெனிங்ஸ் ஓர் ஆவணப்படத்தைத் தயாரித்தார். 1986இல் பிபிசி அதனை ஒளிபரப்ப மறுத்தது. இதனால் இவர் பிபிசியிலிருந்து விலகினார். அந்த ஆய்வு பின்னர் கிரானடா தொலைக்காட்சியின் 'வேர்ல்ட் இன் ஆக்ஷன்' நிகழ்ச்சியில் ஒளிபரப்பாயிற்று. அதே செய்திகளைக் கொண்டு பால் லாஷ்மர், விவ் சிம்சன் ஆகியோருடன் இணைந்து இவர் எழுதிய 'ஸ்காட்லாண்ட் யார்ட்ஸ் கொக்கெய்ன் கனெக்ஷன்' இவருடைய முதல் நூலாகும்.

தன்னுரிமை இதழாளர்களின் நிலையை விளங்கிக்கொள்ள இந்நிகழ்வு உதவும். ஒரு நிறுவனம் மறுத்த செய்தியை இன்னொரு நிறுவனத்திடம் கொண்டு செல்லும் உரிமை அவர்களுக்கு உண்டு. மறுபுறம், மாத ஊதியமோ, வழக்கு வந்தால் காப்பதற்கான சட்டத்துறையோ அவர்களுக்கு இருப்பதில்லை. ஜெனிங்ஸின் பிற்காலப் பணியில் இந்த இரண்டு கூறுகளும் தொடர்ந்து காணப்பட்டன.

ஒலிம்பிக் குழு பற்றிய ஆய்வுகள்

விவ் சிம்சனுடன் இணைந்து ஜெனிங்ஸ் எழுதிய 'த லார்ட்ஸ் ஆஃப் த ரிங்ஸ்' (வளையங்களின் பிரபுக்கள்) என்ற நூல் 1992இல் வெளியாயிற்று. ஒலிம்பிக் சின்னத்திலுள்ள ஐந்து வளையங்களையே இத்தலைப்பு குறிக்கிறது. அக்காலத்தில் பன்னாட்டு ஒலிம்பிக் குழுவின் தலைவராக இருந்தவர் ஸ்பெயின் நாட்டைச் சேர்ந்த உவான் அந்தோனியோ சமரான்ச் (பதவிக்காலம் 1980–2001). போட்டிகளை நடத்தும் உரிமையைப் பெற விரும்பும் நகரங்கள் குழு உறுப்பினர்களுக்கு அளித்த பரிசுகள், ஊக்கமருந்துப் பயன்பாடு மூடிமறைக்கப்பட்ட விதம், பிராங்கோவின் சர்வாதிகார ஆட்சியில் சமரான்ச் வகித்த பதவிகள் ஆகியவற்றை இந்நூல் விரிவாக எடுத்துரைத்தது.

ஒலிம்பிக் குழுவின் தலைமையகம் சுவிட்சர்லாந்தின் லோசான் நகரில் உள்ளது. அக்குழு அந்நகர நீதிமன்றத்தில் அவதூறு வழக்குத் தொடுத்தது. 1994இல் நீதிமன்றம் நூலாசிரியர்கள் இருவருக்கும் ஐந்து நாள் சிறைத்தண்டனை விதித்து, அதனை நிறுத்திவைத்தது. இதன் பிறகும் ஜெனிங்ஸ் தம் ஆய்வைக் கைவிடவில்லை. இதே பொருளில் 1996இலும் 2000இலும் மேலும் இரண்டு நூல்களை வெளியிட்டார்.

1998ஆம் ஆண்டின் இறுதியில் சால்ட் லேக் சிட்டி ஊழல் வெளிப்பட்டது. 2002 குளிர்கால ஒலிம்பிக் போட்டிகளை நடத்தும் உரிமையைப் பெறுவதற்காக அந்த அமெரிக்க நகரின் அமைப்பாளர்கள் ஒலிம்பிக் குழு உறுப்பினர்களின் குடும்பத்தினருக்குக் கல்வி உதவித்தொகை உட்படப் பல சலுகைகளை அளித்திருந்தது தெரியவந்தது. இதனைத் தொடர்ந்து உறுப்பினர்கள் அறுவர் 1999 மார்ச்சில் நீக்கப்பட்டனர்; நால்வர் பதவி விலகினர். இவ்வூழலை முதலில் வெளிக்கொணர்ந்தது சால்ட் லேக் சிட்டியின் உள்ளூர்த் தொலைக்காட்சி நிலையமே தவிர ஜெனிங்ஸ் அல்லர். எனினும், இவர் ஏழு ஆண்டுகளுக்கு முன்பு எழுதி, தண்டனையும் பெற்ற குற்றச்சாட்டுகளின் தன்மை பொய்யன்று என்பதை இது காட்டியது.

ஃபிஃபா பற்றிய ஆய்வுகள்

பின்புலம்

ஃபிஃபாவின் தலைவராகப் பிரேசில் நாட்டைச் சேர்ந்த சோவாவ் அவலாஞ்ச் 1974 முதல் 1998 வரை இருந்தார். அவருக்குப்பின் சுவிட்சர்லாந்தைச் சேர்ந்த செப் பிளாட்டர் தலைவரானார். உலகக்கோப்பைப் போட்டிகளின் விளம்பர உரிமைகளை ஐ.எஸ்.எல். என்ற நிறுவனம் நீண்டகாலம் பெற்றிருந்தது. (இந்தியன் சூப்பர் லீக் என்ற போட்டித்தொடரும் இதே சுருக்கப் பெயரைக் கொண்டது, இரண்டுக்கும் தொடர்பில்லை.) அடிடாஸ் நிறுவனத்தின் ஹார்ஸ்ட் டாஸ்லர் 1982இல் தொடங்கிய இந்நிறுவனம் ஒலிம்பிக் குழுவின் விளம்பர ஒப்பந்தங்களையும் கவனித்துவந்தது. எனவே, ஒலிம்பிக் குழுவை ஆராய்ந்தவருக்கு ஃபிஃபாவும் அறிமுகமானதில் வியப்பில்லை.

ஐ.எஸ்.எல். 2001இல் திவாலானது. திவாலான நிறுவனத்தின் கணக்குகளைப் பிறர் ஆராயும் நிலை ஏற்பட்டதால், அதுவரை மறைவாக இருந்த கொடுப்பனவுகள் வெளித்தெரியத் தொடங்கின. 2002இல் ஃபிஃபாவின் பொதுச் செயலாளர் மிஷேல் சென்-ரூஃபினென் தம் தலைவர் மீதே நிதி முறைகேட்டுக் குற்றச்சாட்டுகளைச் சுமத்தினார். பின்னர் அவர் பதவியை இழந்தார். இவ்வாறு அமைப்பின் உள்ளே அதிருப்தி நிலவிய காலத்தில்தான் ஜெனிங்ஸ் ஃபிஃபாவின் பக்கம் திரும்பினார்.

2002 செய்தியாளர் கூட்டம்

2002இல் சூரிக்கில் நடைபெற்ற ஒரு செய்தியாளர் கூட்டத்தில் ஜெனிங்ஸ் எழுந்து, பிளாட்டர் எப்போதேனும் இலஞ்சம் பெற்றதுண்டா என்று நேரடியாக வினவினார். பிளாட்டர் அதனை மறுத்தார். மறுப்பையே ஜெனிங்ஸும் எதிர்பார்த்திருந்தார். அவ்வினா அரங்கில் இருந்த ஃபிஃபா ஊழியர்களை நோக்கியதாகும் என்று பின்னாளில் அவர் விளக்கினார். உண்மையை அறிந்த ஊழியர் எவரேனும் இருந்தால், அஞ்சாமல் கேட்கக்கூடிய ஒருவர் வெளியே இருக்கிறார் என்பதை அவருக்கு உணர்த்துவதே நோக்கமாக இருந்தது. சில வாரங்களில் ஓர் உயர் அலுவலர் நள்ளிரவில் சூரிக்கில் தம்மைச் சந்தித்து ஆவணங்களை ஒப்படைத்ததாக ஜெனிங்ஸ் கூறியுள்ளார்.

பிளாட்டரின் வெளியிடப்படாத ஊதியம் பற்றி ஜெனிங்ஸ் எழுதிய பின்னர், 2003 முதல் ஃபிஃபாவின் செய்தியாளர் கூட்டங்களில் கலந்துகொள்ள இவருக்குத் தடை விதிக்கப்பட்டது.

நூலும் ஆவணப்படங்களும்

2006இல் 'ஃபவுல்! த சீக்ரட் வேர்ல்ட் ஆஃப் ஃபிஃபா' (ஃபிஃபாவின் இரகசிய உலகம்) என்ற நூல் வெளியாயிற்று. இதனைத் தடுக்கச் சுவிஸ் நீதிமன்றத்தில் எடுக்கப்பட்ட முயற்சிகளையும் மீறி இது பல மொழிகளில் வெளிவந்தது. ஐ.எஸ்.எல். நிறுவனம் ஒருவருக்கு அனுப்பிய பத்து இலட்சம் சுவிஸ் பிராங்கு தவறுதலாக ஃபிஃபாவின் சொந்த வங்கிக் கணக்குக்கே வந்து சேர்ந்த நிகழ்ச்சி இந்நூலில் கூறப்பட்ட முக்கிய செய்திகளுள் ஒன்று.

இருபது ஆண்டுகளுக்கு முன் ஜெனிங்ஸ் விலகிச் சென்ற பிபிசியின் 'பனோரமா' நிகழ்ச்சியே இந்த ஆய்வுகளை ஒளிபரப்பியது. முதலாவது நிகழ்ச்சி 2006 ஜூனிலும், பரவலாக அறியப்பட்ட நிகழ்ச்சி 2010 நவம்பர் 29 அன்றும் ஒளிபரப்பாயின. இரண்டாவதாகக் கூறப்பட்ட நிகழ்ச்சியில், 1989 முதல் 1999 வரை ஐ.எஸ்.எல். வழங்கிய 175 இரகசியக் கொடுப்பனவுகளின் பட்டியல் காட்டப்பட்டது. இவற்றின் மொத்த மதிப்பு சுமார் 10 கோடி அமெரிக்க டாலர். ஃபிஃபா செயற்குழுவில் அப்போது உறுப்பினர்களாக இருந்த ரிக்கார்டோ தெய்செய்ரா (பிரேசில்), நிக்கோலாஸ் லியோஸ் (பராகுவே), ஈசா அயாத்து (கேமரூன்) ஆகியோர் இதில் தொடர்புபடுத்தப்பட்டனர்.

2018, 2022 ஆகிய ஆண்டுகளின் உலகக்கோப்பைப் போட்டிகளை நடத்தும் நாடுகளைத் தேர்ந்தெடுக்கும் வாக்கெடுப்பு மூன்றே நாள்களில் நடைபெறவிருந்தது. 2018 போட்டிக்கு இங்கிலாந்தும் விண்ணப்பித்திருந்தது. இதனால் இந்நிகழ்ச்சி நாட்டுப்பற்றற்ற செயல் என்று இங்கிலாந்தின் விண்ணப்பக் குழுவினர் கண்டித்தனர். டிசம்பர் 2 அன்று நடைபெற்ற வாக்கெடுப்பில் இங்கிலாந்து 22 வாக்குகளில் 2 மட்டுமே பெற்று முதற் சுற்றிலேயே வெளியேறியது. 2018 போட்டி ரஷ்யாவுக்கும், 2022 போட்டி கத்தாருக்கும் வழங்கப்பட்டன.

குற்றச்சாட்டுகள் உறுதியாதல்

ஜெனிங்ஸ் வெளியிட்டவற்றுள் ஐ.எஸ்.எல். தொடர்பான செய்திகள் பின்னர் அரசு ஆவணங்களாலேயே உறுதிப்பட்டன. 2008இல் சுவிட்சர்லாந்தின் சூக் நகரில் அந்நிறுவனத்தின் முன்னாள் நிர்வாகிகள் மீதான வழக்கு நடைபெற்றபோது, விளையாட்டு அலுவலர்களுக்கு மொத்தம் 13.8 கோடி சுவிஸ் பிராங்கு 'தரகுத் தொகையாக' வழங்கப்பட்டது தெரியவந்தது. பெற்றவர்கள் மீதான மற்றொரு விசாரணை, 55 இலட்சம் பிராங்கு திருப்பிச் செலுத்தப்பட்டதன் பேரில் 2010இல் முடித்துக்கொள்ளப்பட்டது. பணம் பெற்றவர்களின் பெயர்கள் அப்போது வெளியிடப்படவில்லை.

அந்த ஆவணத்தை வெளியிட வேண்டும் என்று பிபிசி உள்ளிட்ட ஊடக நிறுவனங்கள் சட்டப் போராட்டம் நடத்தின. 2012 ஜூலையில் சுவிஸ் உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பால் ஆவணம் வெளிவந்தது. அதன்படி, அவலாஞ்ச் 1997இல் குறைந்தது 15 இலட்சம் பிராங்கும், தெய்செய்ரா 1992 முதல் 1997 வரை 1 கோடியே 27 இலட்சம் பிராங்கும் பெற்றிருந்தனர். பத்து இலட்சம் பிராங்கு தவறுதலாக ஃபிஃபாவின் கணக்குக்கு வந்ததும் அதில் பதிவாகியிருந்தது.

இப்பணம் பெறப்பட்ட காலத்தில், தனியார் அமைப்பின் அலுவலர் ஒருவர் இவ்வாறு கையூட்டுப் பெறுவது சுவிஸ் சட்டப்படி குற்றமாக இருக்கவில்லை. ஃபிஃபா, ஒலிம்பிக் குழு ஆகிய இரண்டும் சட்டத்தின் பார்வையில் தனியார் சங்கங்களே. கோடிக்கணக்கான பணத்தைக் கையாண்டபோதும், அரசு நிறுவனங்களுக்குரிய தணிக்கையோ, பங்கு நிறுவனங்களுக்குரிய கண்காணிப்போ அவற்றுக்கு இல்லை. தனியார் துறைக் கையூட்டைத் தண்டனைச் சட்டத்திலேயே குற்றமாக்கும் திருத்தம் சுவிட்சர்லாந்தில் 2016 ஜூலையில்தான் நடைமுறைக்கு வந்தது.

அவலாஞ்ச் 2011 டிசம்பரில் ஒலிம்பிக் குழுவிலிருந்தும், தெய்செய்ரா 2012 மார்ச்சில் ஃபிஃபாவிலிருந்தும் விலகினர். லியோஸ் 2013இல் விலகினார். அயாத்து தாம் பெற்ற தொகை ஆப்பிரிக்கக் காற்பந்துக் கூட்டமைப்புக்கானது என்று விளக்கமளித்தார்; ஒலிம்பிக் குழு அவரைக் கண்டித்தது. பிளாட்டர் ஐ.எஸ்.எல். நிறுவனத்திடம் பணம் பெற்றதாக எந்த விசாரணையும் முடிவு செய்யவில்லை. 2013இல் ஃபிஃபாவின் நன்னெறிக் குழு, அவருடைய செயல்பாட்டைக் குறைகூறியபோதும் விதிமீறல் இல்லை என்றது.

அமெரிக்கப் புலனாய்வும் 2015 கைதுகளும்

2009இல் அமெரிக்க நடுவண் புலனாய்வுச் செயலகத்தின் (எஃப்.பி.ஐ.) அலுவலர்கள் லண்டனில் ஜெனிங்ஸைச் சந்தித்தனர். இவர்கள் திட்டமிட்ட குற்றங்களை விசாரிக்கும் பிரிவைச் சேர்ந்தவர்கள். வட, நடு அமெரிக்க மற்றும் கரிபியன் காற்பந்துக் கூட்டமைப்பின் நிதி ஆவணங்களை ஜெனிங்ஸ் பின்னர் அவர்களுக்கு அளித்தார். அக்கூட்டமைப்பின் பொதுச் செயலாளர் சக் பிளேசர், ஒப்பந்தங்களில் பத்து விழுக்காடு தரகு பெற்றுவந்தவர். 2011இல் அவர் அமெரிக்க அதிகாரிகளுக்கு இரகசியத் தகவலாளராக மாறினார். 2013இல் குற்றத்தை ஒப்புக்கொண்டார்.

செய்தியாளர் ஒருவர் தாம் திரட்டிய ஆவணங்களைக் காவல்துறையிடம் அளிக்கலாமா என்பது இதழியல் அறத்தில் விவாதத்துக்குரியது. தகவல் தந்தவர்களின் நம்பிக்கை பாதிக்கப்படும் என்பதே இதற்கு எதிரான முதன்மை வாதம். சட்டம் தலையிடாத வரை ஃபிஃபா மாறாது என்பது ஜெனிங்ஸின் நிலைப்பாடாக இருந்தது. தாம் இதனைச் செய்ததை அவர் மறைக்கவும் இல்லை.

2015 மே 27 அன்று அதிகாலையில், ஃபிஃபா மாநாட்டுக்காகச் சூரிக்கில் தங்கியிருந்த அலுவலர்கள் எழுவரை அமெரிக்காவின் வேண்டுகோளின்படி சுவிஸ் காவல்துறை கைது செய்தது. மொத்தம் 14 பேர் மீது அமெரிக்காவில் குற்றப்பத்திரிகை பதிவு செய்யப்பட்டது. பணப் பரிமாற்றங்கள் அமெரிக்க வங்கிகள் வழியே நடந்திருந்ததால் அந்நாட்டு நீதிமன்றங்களுக்கு அதிகாரம் கிடைத்தது. இரண்டு நாள்களுக்குப் பின் மீண்டும் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட பிளாட்டர், ஜூன் 2 அன்று பதவி விலகப்போவதாக அறிவித்தார். ஜூலையில் ஜெனிங்ஸ் அமெரிக்க மேலவையின் துணைக்குழு ஒன்றின் முன் சாட்சியமளித்தார்.

டிசம்பர் 2015இல் பிளாட்டருக்கு ஃபிஃபாவின் நன்னெறிக் குழு எட்டு ஆண்டுத் தடை விதித்தது. பின்னர் இது ஆறு ஆண்டுகளாகக் குறைக்கப்பட்டது. இத்தடை, மிஷேல் பிளாட்டினிக்கு வழங்கப்பட்ட 20 இலட்சம் பிராங்கு தொடர்பானது. இதே பணம் பற்றிய குற்றவழக்கில் சுவிஸ் நீதிமன்றம் 2022இல் இருவரையும் விடுதலை செய்தது. மேல்முறையீட்டு நீதிமன்றமும் 2025 மார்ச்சில் அதனை உறுதிசெய்தது.

பணிமுறை

ஜெனிங்ஸின் பணிமுறையில் பின்வரும் கூறுகளைக் காணலாம்.

- ஆவணங்களுக்கு முதலிடம்: வாய்மொழித் தகவலை மட்டும் நம்பாமல் கணக்கேடுகள், கடிதங்கள், வங்கிப் பதிவுகள் ஆகியவற்றைத் திரட்டினார்.
- உள்ளிருப்போர் உதவி: உயர் அலுவலர்களின் நேர்காணலை நாடாமல், மனச்சான்றால் உறுத்தப்பட்ட ஊழியர்களின் உதவியை நாடினார். அவர்களின் அடையாளத்தை வெளியிடவில்லை.
- நேருக்கு நேர் வினவுதல்: பேட்டியளிக்க மறுத்தவர்களை விமான நிலையங்களிலும் தெருவிலும் ஒளிப்படக் கருவியுடன் அணுகி வினாக்களை எழுப்பினார்.
- நீண்டகாலத் தொடர்ச்சி: ஒரு செய்தி வெளியானதும் அடுத்த பொருளுக்குச் செல்லாமல், அதே அமைப்பை ஆண்டுக்கணக்கில் பின்தொடர்ந்தார்.

விளையாட்டுச் செய்தியாளர்கள் பலர் தாம் எழுதும் அமைப்பையே நுழைவுச்சீட்டுக்கும் பேட்டிக்கும் சார்ந்திருப்பதால், அதன் குறைகளை எழுதத் தயங்குகின்றனர் என்பது ஜெனிங்ஸின் விமர்சனமாகும். 2003இல் விதிக்கப்பட்ட தடைக்குப் பின் இவர் இழப்பதற்கு அத்தகைய சலுகை எதுவும் இல்லை. இவருடைய முக்கியமான கண்டுபிடிப்புகள் பலவும் இத்தடைக்குப் பின்னரே வெளிவந்தன என்பது கவனிக்கத்தக்கது.

இவருடைய கடுமையான மொழியும், ஃபிஃபாவைக் குற்றக் கும்பலுடன் ஒப்பிட்ட முறையும் மிகையானவை என்று சிலர் கருதினர். தெருவில் துரத்திக் கேள்வி கேட்பது உண்மையை அறிய உதவுவதைக் காட்டிலும் காட்சிக்கே உதவுகிறது என்ற குறையும் கூறப்பட்டது.

இறுதிக்காலம்

பிபிசியில் 2015 டிசம்பரில் ஒளிபரப்பான 'பனோரமா' நிகழ்ச்சியில் ஜெனிங்ஸ் தம் நீண்டகாலத் தேடலைத் தொகுத்து வழங்கினார். 2022 ஜனவரி 8 அன்று தமது 78ஆம் வயதில் காலமானார். ஃபிஃபா பற்றிய முதல் நூலுக்கும் சூரிக் கைதுகளுக்கும் இடையே ஒன்பது ஆண்டுகள் கழிந்திருந்தன.

நூல்கள்

- ஸ்காட்லாண்ட் யார்ட்ஸ் கொக்கெய்ன் கனெக்ஷன் (பால் லாஷ்மர், விவ் சிம்சன் ஆகியோருடன்)
- த லார்ட்ஸ் ஆஃப் த ரிங்ஸ் (விவ் சிம்சனுடன், 1992)
- த நியூ லார்ட்ஸ் ஆஃப் த ரிங்ஸ் (1996)
- த கிரேட் ஒலிம்பிக் ஸ்விண்டில் (2000)
- ஃபவுல்! த சீக்ரட் வேர்ல்ட் ஆஃப் ஃபிஃபா (2006)
- ஒமெர்த்தா: செப் பிளாட்டர்ஸ் ஃபிஃபா ஆர்கனைஸ்ட் கிரைம் ஃபேமிலி (2014)
- த டர்ட்டி கேம் (2015)